அற்றுப்போகும்

பத்றோஸை மண்ணுக்குக் கொடுத்த ஒன்பதாம் நாள்
வக்கீல் தாணு போன் பண்ணினார்.
வருத்தம் சொன்னார். இருமினார்.
"அப்பீலும் அற்றுப்போகும் அம்மா. சட்டம் அப்பிடி."

கிணற்றுக் கயிறு அறும்,
வாளி உள்ளேயே கிடக்கும்.
நாகர்கோவில் கோர்ட்டில் நான்கு வருடமாகக் கிடக்கிற
ஒரு கட்டுக் காகிதம் எப்படி அறும்?

"ரெண்டு வருச ஜெயிலு, அது போச்சு.
செத்த பொறவு யார அடைக்க?
பத்தாயிரம் அபராதம் மட்டும் போகாது.
அது அவருக்க சொத்துமேல நிக்கும்."

சொத்து:
இருபத்திரண்டு சென்ட், நாற்பது மூடு ரப்பர்,
அதில் பாதி, கத்தி வைக்கப் பட்டை மிச்சமில்லாதவை.
ஷீட் அடிக்கிற உருளையில் கால் பங்கு.

தீர்ப்பும் போகாதாம்.
பத்மநாபபுரத்தில் அன்றைக்கு
நீதிபதி தலை நிமிராமல் வாசித்தது
அப்படியே நிற்குமாம்.
சங்கப் பணம் தின்றவன்.
நாற்பத்தோராயிரத்து அறுநூறு.

வழி ஒன்று உண்டு என்றார்.
நெருங்கிய உறவில் ஒருவர்
முப்பது நாளுக்குள் மனுக் கொடுத்து
நீதிபதி சம்மதித்தால்
செத்தவர் வழக்கை இருப்பவர் நடத்தலாம்.
நெருக்கம் எதுவரை என்றும் எண்ணி வைத்திருக்கிறார்கள்:
தாய், தகப்பன், கட்டின துணை, வயிற்றுப் பிள்ளை வழி, கூடப்பிறந்தது.
மருமகள் இல்லை.
அன்றைக்கு அழுதவர்களில் பாதிப் பேர் இல்லை.

ஏழுக்கு ஒரு பூசை, முப்பதுக்கு ஒன்று,
நாற்பத்தொன்றுக்கு ஒன்று.
கோயிலில் மூன்று தவணை.
கோர்ட்டில் ஒன்றுதான்.

ஷார்ஜாவிலிருந்து றோபின்:
"அப்பா போயாச்சு, கேசும் போகட்டும்மா.
பத்தாயிரத்த நான் அனுப்புதேன். கெட்டிரு."

கட்டலாம்.
கட்டினால் யாரும் கதவைத் தட்டமாட்டார்கள்.

உனக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது, றோபின்.
கேஸ் வருவதற்கு முந்தின ஆடி மழையில்
உன் அப்பா ஒரு சீலிங் ஃபேன் கொண்டுவந்தார்,
நனையாமல் சாக்கில் சுற்றி.
ஓணத்துக்கு முன்கூட்டியே தந்த போனஸ் என்றார்.
அந்த வருடம் சங்கத்தில் போனஸ் கொடுத்தார்களா என்று
நான் யாரிடமும் கேட்கவில்லை.
அவரிடமும்.
பதினோரு வருடம் அதற்குக் கீழேதான் படுத்தோம்.

ரசீதுப் புத்தகத்தில் இரண்டு விதக் கையெழுத்து உண்டாம்,
ஒன்று அவருடையது இல்லை என்று காட்டலாமாம்.
காட்டலாம் என்றுதான் தாணு சொன்னார்.
காட்டுவேன் என்று சொல்லவில்லை.

இருபத்தெட்டாம் நாள்
குடையும் மரணச் சான்றிதழுமாக
முளகுமூட்டில் பஸ் ஏறினேன்.
தக்கலையில் கூட்டம்.
ஒருத்தி எழுந்து இடம் தந்தாள்,
சேலையைப் பார்த்துத்தான்.

குமாஸ்தா காகிதத்தில் எழுதினார்:
பத்றோஸ், இறந்துவிட்டார்.
கீழே, பிறிஜித்தாள், வயது அறுபத்தொன்று.
அவர் பெயருக்கு நேர் கீழே என் பெயரை
இதற்கு முன் ரேஷன் கார்டில்தான் பார்த்திருக்கிறேன்.

மனு எடுத்த அன்று
பழைய பட்டியலை வைத்துக்கொண்டு டவாலி கூப்பிட்டான்.
பத்றோஸ். பத்றோஸ்.
மூன்றாம் தடவை கொஞ்சம் எரிச்சலாக, பத்றோஸ்.

முப்பத்தெட்டு வருடத்தில் அந்தப் பெயரை
நான் வாயால் சொன்னதில்லை.
எழுந்து நின்று
"உண்டு" என்றேன்.

சிலர் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை.
மனு ஏற்கப்பட்டது.
வாதத்துக்கு பிப்ரவரி பதினொன்று.

வீட்டுக்கு வந்து ஃபேனைப் போட்டேன்.
கரண்டுக்குப் பயந்து அவர் ஒன்றிலேயே வைப்பார்.
நான் ஐந்தில் வைத்தேன்.
கூரை நடுங்கியது, கொஞ்ச நேரம் அதையே பார்த்துக் கிடந்தேன்.
காலையில் மரத்துக்குப் போக வேண்டும்.
சிரட்டைகளில் ஒட்டுப்பால் காய்ந்து கிடக்கிறது,
ஒரு மாதமாக யாரும் உரிக்கவில்லை.